உருளைக்கிழங்குக்கு வந்த தீட்டு

கறம்பக்குடிப் பக்கத்தில் நம் ஜனங்கள் இறந்தவர்களுக்குப் படையல் போட்டால், அவருக்குப் பிரியமானதை இலையில் வைப்பது வழக்கம். செத்தவர் வந்து சாப்பிடுவதாக நினைப்பது பைத்தியக்காரத்தனமேயானாலும், கடைசியில் வீட்டுப் பிள்ளைகளாவது வயிறாரத் தின்பார்கள். ஆனால் கையில் நாலு காசு சேர்ந்தவுடன், புரோகிதரை வைத்துத் திவசம் செய்தால்தான் கௌரவம் என்று சிலருக்குத் தோன்றிவிடுகிறது. உடனே அடுப்பங்கரைக்குச் சட்டம் வந்து சேருகிறது. வாழைக்காய் ஆகலாம், புடலங்காய், பாகற்காய் ஆகலாம். உருளைக்கிழங்கு வறுவல் மாத்திரம் கூடாதாம்! சீமைக் காய்கறியாம்! உயிரோடிருந்தவரை அந்த வறுவலைக் கேட்டுக் கேட்டுத் தின்ற தகப்பனாருக்கு, செத்த பிறகு அது எப்படி ஆகாமற் போயிற்று என்று கேட்கின்றோம்.

வடநாட்டில் நடப்பதைப் பாருங்கள். அங்கு நவராத்திரி விரதத்தில் அரிசியும் கோதுமையும் ஆகாது. உருளைக்கிழங்கையோ நெய்யில் வறுத்து, இந்துப்பைத் தூவி வேண்டியமட்டும் தின்னலாம். திவசம் வேறு, விரதம் வேறு என்பார்கள். வேறாகவே இருக்கட்டும், கிழங்கு ஒன்றுதானே?

இந்தக் கூத்து நம் நாட்டோடு நிற்கவில்லை. யூதர்கள் பஸ்கா பண்டிகையில் புளித்த மாவுப் பண்டங்களைத் தொடமாட்டார்கள். ஐரோப்பிய யூதரில் ஒரு பிரிவார் அரிசியையும் பயறுகளையும் கூடத் தள்ளிவைத்தார்கள். மற்றப் பிரிவாரில் பலர் அதே நாளில் அரிசிச் சோறு தின்றார்கள். உருளைக்கிழங்கையும் தடுக்கச் சில குருமார்கள் முயன்றதுண்டு. ஏழைகளுக்கு அதைவிட்டால் வேறு கதியில்லாததால் அந்தத் தடை நிலைக்கவில்லை. வயிற்றுக்கு முன் சாஸ்திரம் வளைந்து கொடுத்தது! 2015ல் அமெரிக்காவில் ஒரு பிரிவின் குருமார் குழு, அரிசி பயறுகளையும் தின்னலாமென்று தீர்ப்பளித்து விட்டது. பழைய கட்டளையை மாற்றியதற்காக ஆகாயம் இடிந்து விழவில்லை.

இக்கிழங்கின் பூர்வீகம் தென்னமெரிக்காவின் ஆண்டிஸ் மலை. 16ஆம் நூற்றாண்டில் ஸ்பானியர் அதை ஐரோப்பாவுக்குக் கொண்டு போனார்கள். நம் நீலகிரியில் சலிவன் துரை பயிரிட்டது 1820களில்தான். ஆகவே மோசேயும் அதைக் கண்டதில்லை, மனுவும் கண்டதில்லை. காணாத கிழங்கைப் பற்றிக் கடவுள் பேரால் தீர்ப்புச் சொன்னவன் யார்?

சாஸ்திரத்தில் பெயரில்லாததால்தான் தள்ளினோம் என்று புரோகிதர் சொல்லலாம். ரூபாய் நோட்டுங்கூடத்தான் சாஸ்திரத்தில் இல்லை. தட்சணைத் தட்டில் அதைக் கண்டு முகம் சுளித்த புரோகிதரை நாம் இதுவரை பார்த்ததில்லை.

இதில் பெண்கள் படும் பாடுதான் பெரிது. அன்றைக்கு ஈரப் புடவையோடு விடியற்காலை முதல் புகையில் வேகிறவர்கள், வந்தவர் உண்டு எழுந்திருக்கும்வரை பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கக் கூடாதாம். தோழர்களே, அடுத்த திவசத்துக்கு எடுத்துவைத்த பணத்தில் ஒரு வீசைக் கிழங்கு வாங்கி வறுத்து, முதல் இலையை அந்தப் பெண்களுக்குப் போடுங்கள்.