உங்கள் ஊறலும் எங்கள் ஊறலும்

போன மாதம் அம்மா ஊரிலிருந்து வந்திருந்தார். பையை இறக்கி வைத்துவிட்டு நேராக அடுப்படிக்குப் போனவர், ஜன்னல் ஓரம் இருந்த கண்ணாடி ஜாடியைப் பார்த்ததும் நின்றுவிட்டார். உள்ளே வோட்காவில் நாவல்பழம். பத்து நாள் ஊறி, கருநீலமாக மின்னிக்கொண்டிருந்தது. மூடியைத் திறந்து ஒருமுறை முகர்ந்தார்.

"இன்னாடி இது, ஊறல் போட்டு வச்சிருக்க?"

சொல்லிக்கொண்டே கையை நீட்டி ஜன்னல் திரையை இழுத்து மூடினார். நான்காவது மாடி. எதிரே ஒரு வேப்பமரமும் தண்ணீர்த் தொட்டியும்தான். யாரும் பார்க்க முடியாது. ஆனாலும் கை தானாகப் போனது.

நான் அதுவரை அந்தச் சொல்லை என் ஜாடிக்குப் பொருத்திப் பார்த்ததே இல்லை. என்னைப் பொறுத்தவரை அது 'இன்ஃப்யூஷன்'. அலுவலக நண்பர் ஒருவரின் வீட்டு மாடியில்தான் முதலில் குடித்தேன். நல்ல மனிதர், முற்போக்காளர்தான். எலுமிச்சைத் தோல், அன்னாசி, காந்தாரி மிளகாய் என்று வரிசையாகப் பதினோரு பாட்டில்கள். ஒவ்வொன்றிலும் தேதி எழுதி ஒட்டியிருந்தார். வந்தவர்கள் எல்லாம் படம் எடுத்தார்கள். இன்ஸ்டாகிராமில் 'கைவினை' என்று பெயர் போட்டார்கள். எனக்கும் ஆசை வந்தது. மறுவாரமே எலைட் கடையில் ஒரு வோட்கா வாங்கி வந்து தொடங்கிவிட்டேன்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன், இதில் வித்தை அதிகம் இல்லை. 40 சதவீத ஆல்கஹால் உள்ள எந்த மதுவும் போதும். பழத்தைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, கண்ணாடி ஜாடியில் போட்டு, பழம் முழுக்க மூழ்கும்வரை ஊற்ற வேண்டும். ஆரஞ்சு, எலுமிச்சை என்றால் தோல் மட்டும். உள்ளே இருக்கும் வெள்ளைச் சதை ஒட்டியிருந்தால் கசந்துபோகும். தோலின் மணம் தரும் எண்ணெய்கள் தண்ணீரில் கரையாது, ஆல்கஹாலில் கரையும். நான்கைந்து நாளில் நிறம் இறங்கிவிடும். நாவலுக்கும் நெல்லிக்கும் இரண்டு வாரம் ஆகும். பழத்தில் உள்ள தண்ணீர் இறங்க இறங்க மதுவின் வீரியம் குறையும். அதனால்தான் பழத்தை அளவுக்கு மீறி அடைக்கக் கூடாது, வீரியம் ரொம்பக் குறைந்தால் கெட்டுப்போகும். பிறகு மெல்லிய துணியில் வடிகட்டி, விரும்பினால் சர்க்கரைப் பாகு சேர்க்கலாம். அவ்வளவுதான். இதில் எதுவும் புளிக்கவில்லை, எதையும் காய்ச்சவில்லை. இருக்கிற மதுவுக்கு மணமும் நிறமும் ஏற்றுகிறோம். நஞ்சு புதிதாக உருவாக வழியில்லை.

இனி அம்மா சொன்ன ஊறல்.

என் ஆயா, அம்மாவைப் பெற்றவர், விழுப்புரம் பக்கம் ஒரு சேரியில் சாராயம் காய்ச்சியவர். தாத்தா பாம்பு கடித்துச் செத்த பிறகு நான்கு பிள்ளைகளோடு நின்றவர். நடவுக்கும் அறுப்புக்கும் கூலி உண்டு, அதுவும் நெல்லாக. மற்ற மாதங்களுக்கு? வெல்லம், வேலம்பட்டை, சந்தையில் யாரும் வாங்காமல் கனிந்து கறுத்த வாழைப்பழம், இன்னும் கிடைத்த பழம் எல்லாவற்றையும் பானையில் போட்டுத் தண்ணீர் ஊற்றிக் கருவேலங்காட்டில் புதைத்து வைப்பாராம். அதுதான் ஊறல். புளித்துப் பொங்கி அடங்கியதும் பானை மேல் பானை அடுக்கிக் காய்ச்சுவார். மேல் பாத்திரத்தில் குளிர்ந்த தண்ணீர் சூடாகச் சூடாக மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். அந்தத் தண்ணீர் சுமப்பது அம்மாவின் வேலை. இன்னொரு வேலை, ஏரிக்கரையில் நின்று ஜீப் வருகிறதா என்று பார்ப்பது. அம்மாவுக்கு அப்போது வயது ஒன்பதோ பத்தோ.

அந்த வருடங்களைச் சற்றுக் கணக்குப் போடுங்கள். தமிழ்நாட்டில் 1971இல் கடைகள் திறந்தன. 1974க்குள் மூடப்பட்டன. 1981இல் மறுபடி திறந்தன. 1987இல் சாராயத்துக்கும் கள்ளுக்கும் மீண்டும் தடை வந்தது. ஒரே பானை, ஒரே வேலம்பட்டை, ஒரே பெண். அரசு நினைத்தபோது அவர் குற்றவாளி, அரசு நினைத்தபோது அதே தொழிலை ஏலம் எடுத்தவர் முதலாளி. ஏலம் எடுத்தவர்கள் யார், எந்தத் தெருவில் மாடி வீடு கட்டினார்கள் என்று எங்கள் பக்கத்துக் கிழவிகளைக் கேட்டால் வரிசையாகச் சொல்வார்கள். எங்கள் தெருவில் ஒரு மாடியும் எழும்பவில்லை.

ஆயாவிடம் வாங்கிக் குடித்தவர்கள் சேரிக்காரர்கள் மட்டும் இல்லை. இருட்டியதும் ஊர்த்தெருவிலிருந்து ஆள் வரும். ஆண்டை வீட்டுக்குத் தனியாக, முதல் சரக்கு. ஆயா கையால் மொண்டு கொடுத்த தண்ணீர் தீட்டு, ஆயா கையால் காய்ச்சிய சாராயம் தீட்டில்லை. காசை மட்டும் மேலேயிருந்து போடுவார்களாம், கை படாமல். ஜீப் வந்த அன்று ஊர்த்தெருவில் ஒரு கதவையும் யாரும் தட்டவில்லை. ஆயாவின் பானைகளை உடைத்து, முடியைப் பிடித்து ஏற்றினார்கள். முப்பது நாள் உள்ளே இருந்து வந்தார். அந்த முப்பது நாளும் அம்மா தன் மூன்று தம்பிகளுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுத்தார். பள்ளிக்கூடம் அதோடு நின்றது.

ஜன்னல் திரையை இழுத்த கைக்குப் பின்னால் இவ்வளவும் இருக்கிறது.

இதை ஏன் இப்போது எழுதுகிறேன்? 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 65 பேருக்கு மேல் செத்தார்கள். பெரும்பாலும் தலித் கூலித் தொழிலாளர்கள். பெண்களும் இருந்தார்கள். குடும்பத்துக்கு 10 லட்சம் ரூபாய் நிவாரணம் என்று அரசு அறிவித்தது. அன்று மாலை என் கைப்பேசியைத் திறந்தால் ஒரே கேலி. குடித்துச் செத்தவனுக்குப் பத்து லட்சமா, உழைக்கிறவனுக்கு என்ன கிடைக்கும் என்று. அதைப் பகிர்ந்தவர்களில் இரண்டு பேர், பதினோரு பாட்டில் வரிசைக்கு முன்னால் என்னோடு நின்று படம் எடுத்துக்கொண்டவர்கள். செத்தவர்கள் எல்லாம் மூட்டை தூக்குகிறவர்கள், சாக்கடை அள்ளுகிறவர்கள், பெயின்ட் அடிக்கிறவர்கள். உழைக்கிறவனுக்கு என்ன கிடைக்கும் என்று கேட்டவர்களுக்கு, உழைக்கிறவன்தான் செத்தான் என்பது உறைக்கவே இல்லை.

மெத்தனால் பற்றி ஒரு செய்தி சொல்ல வேண்டும், ஏனென்றால் இதிலும் ஒரு பொய் ஓடுகிறது. பழம் புளிக்கும்போது அதிலுள்ள பெக்டினிலிருந்து மெத்தனால் துளியளவு உண்டாகும், உண்மைதான். ஆனால் கருணாபுரத்தில் கொன்றது பழத்திலிருந்து வந்தது அல்ல. அது தொழிற்சாலை மெத்தனால், வேறு வேலைக்காகத் தயாரிக்கப்பட்டு வெளியே கடத்தப்பட்ட கரைப்பான். ஓராண்டுக்கு முன்பு 2023 மே மாதம் மரக்காணம் பக்கம் எக்கியார்குப்பத்தில் கொன்றதும் அதே மெத்தனால்தான். உடலுக்குள் போய் ஃபார்மிக் அமிலமாக மாறி முதலில் கண் நரம்பைத் தாக்கும். பற்றவைத்துப் பார்த்துச் சரக்கின் தரம் அறியும் பழைய வழக்கம் இதில் உதவாது, இரண்டும்தான் எரியும். மணத்திலும் பெரிதாக வேறுபாடு தெரியாது. ஆயா காலத்து ஊறலை உடைத்து உடைத்து அழித்தோம். அந்த இடத்தில் டிரம்மில் வந்த ரசாயனம் உட்கார்ந்தது. ஊறல் நல்லது என்று நான் வாதாடவில்லை. அதுவும் ஆள்களைக் கெடுத்தது. ஆனால் ஊறலுக்கும் டிரம்முக்கும் பின்னால் இருக்கும் ஆள்கள் வேறு, பணம் வேறு. வழக்குப் போடும்போது மட்டும் இரண்டுக்கும் ஒரே பெயர்: கள்ளச்சாராயம்.

பெயரைப் பற்றிச் சொன்னால் சொல்லிக்கொண்டே போகலாம். கோவாவில் முந்திரிப் பழத்தைப் பிழிந்து புளிக்கவிட்டுக் காய்ச்சுவது ஃபெனி. 2009இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. பிறகு மாநிலத்தின் பாரம்பரிய மது என்ற தகுதியும் வந்தது. மத்தியப் பிரதேசத்தில் பழங்குடிகள் காய்ச்சும் மஹுவா, நம் இலுப்பையின் சொந்தக்காரப் பூ, இப்போது 'பாரம்பரிய மது' என்று சீசாவில் விற்பனைக்கு வந்திருக்கிறது. அதே மஹுவாப் பூவைச் சேர்த்து வைப்பதையே கட்டுப்படுத்த 1892இல் பம்பாய் மாகாணத்தில் தனிச் சட்டம் போட்டார்கள் வெள்ளையர்கள். நூறு வருடத்துக்கு மேல் பழங்குடிகளை விரட்டிய பூ, சீசாவில் ஏறியதும் பாரம்பரியம் ஆகிவிட்டது. கோவாவும் மத்தியப் பிரதேசமும் செய்ததில் எனக்கு மகிழ்ச்சிதான். நம் ஊரில் என்ன நடக்கிறது? பனையேறி கள் இறக்கினால் வழக்கு. பக்கத்துக் கேரளத்தில் அதே கள் கடையில் கிடைக்கும். ஒருவரை விசாரணை இல்லாமல் ஓராண்டு வரை உள்ளே வைக்க உதவும் 1982ஆம் ஆண்டுச் சட்டத்தை நாம் குண்டர் சட்டம் என்கிறோம். ஆனால் அதன் முழுப் பெயரை எடுத்துப் பாருங்கள். குண்டர்கள் பின்னால்தான் வருகிறார்கள், முதலில் நிற்பது கள்ளச்சாராயக்காரர்.

இங்கே சில தோழர்கள் என்னை இடைமறிப்பார்கள் என்று தெரியும். பாபாசாகேப் 1956இல் நாக்பூரில் தந்த 22 உறுதிமொழிகளில் மது அருந்த மாட்டேன் என்பதும் ஒன்று. எங்கள் வீட்டுச் சுவரில் அது சட்டம் போட்டு மாட்டியிருக்கிறது. பஞ்சசீலத்தின் ஐந்தாவது சீலமும் அதுவே. பெரியார் தன் தோப்பில் தென்னைகளை வெட்டிச் சாய்த்தவர், பின்னாளில் மதுவிலக்கைக் கடுமையாக எதிர்த்தவரும் அவரே. ஆக நம் மரபுக்குள்ளேயே இந்த விவாதம் முடியவில்லை. என் அப்பா 48 வயதில் ஈரல் கெட்டுச் செத்தார். அரசுக் கடையின் சரக்குதான், முத்திரையோடு, ரசீது கேட்டால் கிடைக்கும் சரக்கு. 2024 அக்டோபரில் உளுந்தூர்பேட்டையில் மது ஒழிப்பு மாநாட்டுக்குப் பெண்கள் திரண்டபோது அம்மாவும் போனார். நான் போகவில்லை. அம்மாவின் கோபத்தை மறுத்துப் பேச எனக்கு வாயும் இல்லை.

ஆனால் அம்மாவின் கோபமும் என் அலுவலக நண்பர்களின் கேலியும் ஒன்றல்ல. அம்மா மதுவை வெறுக்கிறார், குடித்தவனை வெறுக்கவில்லை. அப்பா வாந்தி எடுத்ததைக் கடைசிவரை அள்ளியவர் அவர். கேலி செய்தவர்களுக்கு மதுவோடு சண்டையே இல்லை. யார் குடிக்கிறார்கள் என்பதில்தான் சண்டை. குவார்ட்டருக்கு 140 ரூபாய் தர முடியாதவன் பாக்கெட் வாங்கினால் அது ஒழுக்கக்கேடு. நாலாயிரம் ரூபாய் ஜின்னில் நாவல்பழம் ஊறினால் அது ரசனை. உங்கள் நாக்குக்குச் சாதி இல்லை என்று நினைக்கிறீர்கள். மனுவின் நூலிலேயே சுரை குடிப்பது பிராமணனுக்குப் பெரும்பாவம் என்று வைத்தபோது, குடி என்பதை யாருடைய தலையில் கட்டுவது என்று முடிவாகிவிட்டது. ஆண்டை வீட்டுக்கு இருட்டில் போன முதல் சரக்கு கணக்கில் வராது.

கருணாபுரத்துக்குப் பிறகு சட்டத்தைத் திருத்தினார்கள். சாவு நேர்ந்தால் ஆயுள் தண்டனை, 10 லட்சத்துக்குக் குறையாத அபராதம். மெத்தனால் டிரம்மைக் கைமாற்றியவன்மீது அது பாயட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை. காய்ச்சுவதை விட்டு வந்த பெண்களுக்கு நிலமோ கடனோ மாடோ, எதுவானாலும் நின்று பிழைக்கிற மாதிரி ஒன்று கொடுத்திருக்கிறோமா? மாவட்டத்துக்கு மாவட்டம் மறுவாழ்வு என்ற பெயரில் என்ன நடந்தது என்று ஒரு வெள்ளை அறிக்கை கேளுங்கள். குடியிலிருந்து மீள விரும்புகிறவனுக்கு அரசு மருத்துவமனையில் படுக்கை கேளுங்கள். கள் இறக்கும் உரிமையைப் பனையேறிகளோடு சேர்ந்து கேளுங்கள். உங்கள் வீட்டு ஜாடியை உடைக்கச் சொல்லவில்லை, நானே உடைக்கவில்லை. அடுத்த முறை 'கைவினை' என்று எழுதும் விரல், 'குடிகாரன்' என்று எழுதும் முன் ஒரு நொடி நிற்கட்டும்.

அம்மா அன்று என்னைத் திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. என்ன செலவாச்சு என்று கேட்டார். சொன்னேன். "ஆயாளுக்கு ரெண்டு வருஷத்து வெல்லம்" என்றார். பிறகு ஜாடியை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்.

"பழம் மேல மெதக்குது பாரு. காத்து பட்டா பூசணம் பூக்கும். தட்டு ஒன்னு போட்டு அமுக்கி வுடு."

ஒரு சின்னத் தட்டைத் தானே கழுவித் துடைத்து உள்ளே இறக்கினார். மூடியை இறுக்கித் திருகி, மறுபடி முகர்ந்து பார்த்தார். வாசனை வெளியே வரவில்லை என்று உறுதியானதும் ஜாடியை ஜன்னலிலிருந்து எடுத்து, அரிசி டப்பாவுக்குப் பின்னால் தள்ளி வைத்தார்.