‘மொத்தம்’ என்று வந்தால் பெருக்கலா?

“அத்தை, இது பெருக்கலா, வகுத்தலா?” நான்காம் வகுப்புப் பிள்ளை கணக்கை முழுதாகப் படிப்பதற்குள் கேட்டுவிடுகிற கேள்வி இது. பதிலாக ஒரு குறுக்குவழியை வீட்டிலும் டியூஷனிலும் கையில் வைத்திருக்கிறார்கள். ‘மொத்தம்’ என்று வந்தால் பெருக்கு. ‘ஒவ்வொரு’, ‘சமமாக’ என்று வந்தால் வகு. பிள்ளைக்கு இது பெரிய ஒத்தாசை என்று நம்பித்தான் சொல்கிறார்கள். எனக்கோ இது கெடுதலாகவே படுகிறது. கணக்கைப் படிக்காமலே விடை எழுதப் பழக்குகிறோம்.

5 முழம் மல்லிகைக்கு மொத்தம் 150 ரூபாய். ஒரு முழம் என்ன விலை? ‘மொத்தம்’ இருக்கிறது, வகுக்க வேண்டும். 12 வரிசை, ஒவ்வொரு வரிசையிலும் 8 தென்னங்கன்று, எத்தனை கன்று? ‘ஒவ்வொரு’ இருக்கிறது, பெருக்க வேண்டும். சொல்லை நம்பிய பிள்ளை, ஒரு முழம் பூ 750 ரூபாய் என்று எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போய்விடும். தெருவில் பூக்காரம்மாவிடம் 30 ரூபாய் கொடுத்து முழம் வாங்கி வருகிற பிள்ளையும் அதுதான்.

‘வகுத்தால் குறையும்’ என்பதும் இதே ரகம். 6 கிலோ சர்க்கரையை அரைக் கிலோ பொட்டலங்களாகக் கட்டினால் 12 பொட்டலம் வரும்.

மார்க் வருகிறதே என்பார்கள். வரும். ‘வகுத்தல்’ பாடத்தின் கடைசியில் இருக்கிற கணக்கெல்லாம் வகுத்தல்தானே! எல்லாம் கலந்து வருகிற தேர்வில்தான் பிள்ளை திணறுகிறது. வாய்ப்பாடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, கட்டாயம் வேண்டும். ஆனால் 50-ஐ 8-ஆல் வகுத்தால் ஈவு 6, மீதி 2 என்பதோடு வேலை முடிவதில்லை. 50 ரூபாய்க்கு 8 ரூபாய்ப் பேனா 6 வாங்கலாம். 50 லிட்டர் பாலை 8 குடத்தில் சமமாக ஊற்றினால் குடத்துக்கு ஆறே கால் லிட்டர். 50 பிள்ளைகளை வேனுக்கு 8 பேராக ஏற்றினால் 7 வேன். வகுத்தல் ஒன்று, விடை மூன்று. எது பொருந்தும் என்பதைப் பேனாவும் பாலும் வேனும்தான் சொல்லும்.

1980களின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தேசிய மதிப்பீட்டில் 13 வயதினரிடம் இப்படியொரு கணக்கைக் கேட்டார்கள். பேருந்துக்கு 36 பேர் என்றால் 1,128 படைவீரர்களுக்கு எத்தனை பேருந்து வேண்டும்? பிழையில்லாமல் வகுத்தவர்கள் ஏறக்குறைய 70 சதவீதம். 32 என்று எழுதியவர்கள் 23 சதவீதம்தான். ‘31, மீதி 12’ என்று எழுதியவர்கள் அதைவிட அதிகம். அந்த 12 பேரை எங்கே விட்டுவிட்டுப் போவது?

அதனால் என்னிடம் வருகிற பிள்ளையை முதலில் நோட்டை மூடச் சொல்கிறேன். என்ன நடக்கிறது, விடை பெரிதாக வருமா, சிறிதாக வருமா என்று வாயால் சொல்ல வைக்கிறேன். நேரம் பிடிக்கிறது, ஒரு மாலையில் மூன்று கணக்குக்கு மேல் ஓடுவதில்லை. போன வாரம் வேன் கணக்கைப் போட்டவள் 7 என்று எழுதிவிட்டுப் பென்சிலைக் கீழே வைக்கவில்லை.

“அப்போ கடைசி வேன்ல ரெண்டு பேர்தானா, அத்தை?”