அரும்பொருளகத்தில் ஒரு பெரட்டு

2010ஆம் ஆண்டு நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அரும்பொருளகத்துக்கு ஸ்பெயின் மன்னர் நான்காம் பிலிப் வந்திருந்தார். 1665இல் இறந்தவர்தான். வெலாஸ்குவெஸ் வரைந்த தம் ஓவியத்துக்குப் பக்கத்திலேயே நின்று, வந்தவர்களுக்கெல்லாம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். 'இம்ப்ராவ் எவ்ரிவேர்' என்ற குழுவின் குறும்பு அது. ஓவியத்தில் யாரும் கைவைக்கவில்லை. மீசையையும் தாடையையும் மாறி மாறி ஒப்பிட்டுப் பார்த்ததோடு சரி.

சிரம்பானில் உள்ள மாநில அரும்பொருளகத்தில் நம் பிள்ளைகள் இப்படிச் செய்தால், காவலருக்கு முன்னால் நாமே அதட்டுவோம். அதட்ட வேண்டாம், செய்யட்டும் என்கிறோம்.

தோட்டத்து நாடகத்தில் பபூன் எழுதிவைத்த வசனத்தோடு நின்றவனா? முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் தோட்ட எழுத்தரான கிராணியை வம்புக்கு இழுப்பான். கிராணியும் சிரித்துத்தான் ஆக வேண்டும். அந்தக் கலை நமக்குப் புதிதல்ல.

நெகிரி செம்பிலானில் பல தோட்டங்களில் கித்தா என்னும் ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. அதுவும் போய் வீடமைப்புப் பகுதி வந்தது. பால் பிடிக்கும் மங்கும் மரம் சீவும் உளியும் இனிக் கண்ணாடிப் பெட்டிக்குள்தான். ஒட்டுப்பால் நாற்றம் கண்ணாடியைத் தாண்டாது. ஒரு சனிக்கிழமை, பழைய கோட்டும் தலைப்பாகையுமாக ஒரு கங்காணி உள்ளே நுழைந்து, வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் பேர் கூப்பிடட்டும். சுற்றுலா வந்த மாணவனைப் பார்த்து, "உனக்குப் பன்னிரண்டாம் நெரை, ஏன்டா லேட்டு?" என்று கேட்கட்டும். விடிவதற்கு முன்பே வரிசையில் நின்றவர்களின் வயிற்றுக் கலக்கம் அவனுக்கு ஒரு நொடியாவது புரியும்.

கட்டுப்பாடு வேண்டாமா என்றால், வேண்டும். காட்சிப் பொருளைத் தொடக்கூடாது. சம்பளத்துக்கு நிற்கும் காவலரைக் கேலிப் பொருளாக்கக் கூடாது. விலக நினைப்பவருக்கு வழிவிட வேண்டும். கைப்பேசியில் படம்பிடித்துப் பார்வையாளரை முட்டாளாக்குவது குறும்பே அல்ல, பிழைப்பு.

மற்றபடி, அமைதி காத்தால் மட்டும் மரியாதை வந்துவிடாது. 2005இல் தெரு ஓவியர் பேங்ஸி, தள்ளுவண்டி தள்ளும் குகை மனிதனைக் கான்கிரீட் துண்டில் வரைந்து பிரிட்டிஷ் அரும்பொருளகத்தில் மாட்டிவிட்டுப் போனார். மூன்று நாள் ஒருவரும் கவனிக்கவில்லை! 2018இல் அதே துண்டை அங்கேயே முறைப்படி காட்சிக்கு வைத்தார்கள்.

நம் அரும்பொருளகங்கள் அத்தனை ஆண்டு காத்திருக்க வேண்டியதில்லை. முன்னாள் பால்மரத் தொழிலாளர்கள் இன்னும் நம்மோடு இருக்கிறார்கள். கூட்டத்திலிருந்து ஒரு பாட்டி, "உளிய இப்படியாடா பிடிப்பாங்க?" என்று கேட்டால், கங்காணி வேடக்காரன் தன் மர உளியை அவர் கையில் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொள்ளட்டும்.