விசாரணைக்கும் ஓர் எல்லை உண்டு

"பொலிஸ் கூப்பிட்டாலே தொல்லைதான்" என்று எங்கள் கப்பல்துறையில் பலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். நான் அப்படிச் சொல்லமாட்டேன். ஒருவர் முறைப்பாடு கொடுத்தால் அதை விசாரிப்பது பொலிஸாரின் கடமை. நாளை என் கைப்பை களவு போனால் நானும் அங்கேதான் போவேன். யாரிடமும் கேள்வி கேட்காமல் விட்டால் எனக்கு நீதி கிடைக்குமா?

அப்படியானால் விசாரணை எப்போது தொல்லையாகிறது?

என் காக்கா முச்சக்கரவண்டி ஓட்டுபவர். வண்டியில் ஏறிய ஒருவர் தன் கைத்தொலைபேசியைக் காணவில்லை என்று கடந்த வருடம் முறைப்பாடு செய்தார். பொலிஸார் காக்காவை அழைத்து, எங்கே ஏற்றினாய், எங்கே இறக்கினாய், பிறகு யார் ஏறினார்கள் என்று கேட்டார்கள். வண்டியையும் சோதித்தார்கள். அது நியாயமான விசாரணை.

அடுத்த கிழமை மறுபடியும் அழைப்பு. காலை எட்டு மணிக்குப் போனவர் மஃரிபுக்குத்தான் வீடு வந்தார். புதிய கேள்வி ஒன்றுமில்லை. வாங்கில் இருக்க வைத்ததுதான். அன்றைய உழைப்பும் போனது. மூன்றாம் முறை, ஏன் தாடி வளர்க்கிறாய், எந்தப் பள்ளிக்குத் தொழப் போகிறாய் என்று கேட்டார்கள். தொலைந்த தொலைபேசிக்கும் தாடிக்கும் என்ன சம்பந்தம்? கடைசியில் சிங்களத்தில் எழுதிய வாக்குமூலத்தில் ஒப்பமிட்டுவிட்டு வந்தார்.

"என்ன எழுதியிருந்தது காக்கா?" என்று கேட்டேன்.

"தெரியா தங்கச்சி. வீட்ட போக விட்டாப் போதும் எண்டு வெச்சிட்டன்."

அந்தப் பதில்தான் என்னை இதை எழுத வைத்தது. பதில் தேடிக் கேட்பது விசாரணை. பதில் கிடைத்த பின்னும் ஆளை அலைக்கழிப்பது தொல்லை. எத்தனை முறை அழைத்தார்கள் என்பதைவிட, ஏன் அழைத்தார்கள் என்பதே முக்கியம்.

சட்டமும் இந்த எல்லையை அறியும். 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின்படி, வாக்குமூலத்தை அதைக் கொடுத்தவருக்குக் காட்ட வேண்டும், அல்லது வாசித்துக் காட்ட வேண்டும். எழுதிய மொழி அவருக்கு விளங்காவிட்டால் விளங்கும் மொழியில் சொல்ல வேண்டும். கைது செய்தால் காரணத்தைச் சொல்ல வேண்டும் என்கிறது அரசியலமைப்பின் 13ஆம் உறுப்புரை.

எல்லை மீறினால் எவ்வளவு தூரம் போகும் என்பதை 2019இல் ஹசலகவில் கண்டோம். சட்டையில் தர்மச்சக்கரம் இருக்கிறது என்று ஒரு முஸ்லிம் பெண்ணைக் கைது செய்தார்கள். அதில் இருந்தது கப்பலின் சுக்கான் சக்கரம். துறைமுகத்துப் பக்கம் வளர்ந்த எங்களுக்கு அது பார்த்ததும் தெரியும். தெரியாதவர் கேட்டோ, ஒப்பிட்டுப் பார்த்தோ அறிந்திருக்கலாம். ஆனாலும் அவர் இரண்டு கிழமைக்கு மேல் விளக்கமறியலில் இருந்தார். 2023இல் உயர் நீதிமன்றம் அவருடைய அடிப்படை உரிமைகள் மீறப்பட்டதாகத் தீர்ப்பளித்து, பொறுப்பதிகாரி அவருக்கு 30,000 ரூபா செலுத்த வேண்டும் என்றது. தொகை சிறியதுதான். ஆனால் ஒரு சாதாரண கிராமத்துப் பெண்ணும் வழக்காடி வெல்லலாம் என்று அந்தத் தீர்ப்பு காட்டியது.

தோழியரே, நமக்கும் வழிகள் உண்டு. அடிப்படை உரிமை மீறப்பட்டால் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். அதற்கு வசதியில்லாதவர் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிடலாம். திருகோணமலையில் அதன் பிராந்திய அலுவலகம் இருக்கிறது. போன திகதி, நேரம், கேட்ட கேள்விகள் எல்லாவற்றையும் வீட்டுக்கு வந்ததும் ஒரு கொப்பியில் எழுதி வைத்தால் அது பின்னர் உதவும்.

காக்காவை அதன் பிறகு அழைக்கவில்லை. ஏன் அழைக்கவில்லை என்றும் யாரும் சொல்லவில்லை. அவர் ஒப்பமிட்ட தாளில் என்ன இருக்கிறது என்று எங்கள் வீட்டில் இன்றுவரை எவருக்கும் தெரியாது. "வாசித்துக் காட்டுங்கள் சேர்" என்று கேட்பது மரியாதைக் குறைவல்ல என்று அவருக்குச் சொல்லியிருக்கிறேன். உங்கள் வீட்டிலும் சொல்லி வையுங்கள்.

– உயர்தர மாணவி, கலைப்பிரிவு