தீர்ப்பு கையில், பணம் எங்கே?

ஜீவனாம்ச வழக்கில் ஜெயித்துவிட்டதாக ஒரு பெண் போனில் சொன்னால் நாங்கள் கேட்கும் முதல் கேள்வி, "நிறைவேற்று மனு போட்டாச்சா அக்கா?" என்பதுதான். மாதம் ஐந்தாயிரம் கொடு என்று குடும்ப நல நீதிமன்றம் உத்தரவிடும். கணவன் கொடுக்காவிட்டால் தானாக யாரும் வசூலித்துத் தரமாட்டார்கள். அவளே மறுபடி மனு போட வேண்டும். நோட்டீஸ், வாய்தா, பிறகு வாரண்ட். காவல் நிலையம் போன வாரண்ட், 'முகவரியில் ஆள் இல்லை' என்ற குறிப்போடு திரும்பும். அந்த ஆள் ஊர்த் திருவிழாவில் முன்வரிசையில் நிற்பான்.

ஒவ்வொரு வாய்தாவும் கூலிக்குப் போகும் பெண்ணுக்கு ஒருநாள் சம்பளமும் பஸ் காசும். இழுத்தடித்தால் அவளே ஓய்ந்துவிடுவாள் என்று எதிர்தரப்புக்குத் தெரியும். சட்டத்திலேயே ஒரு பொறியும் இருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 125 (2024 ஜூலை முதல் புதிய சட்டத்தில் பிரிவு 144) சொல்வது: பாக்கி விழுந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட்டால்தான் அதற்கு வாரண்ட். 'இந்த மாசம் தர்றேன், அடுத்த மாசம் தர்றேன்' என்ற பேச்சை நம்பிக் காத்திருந்தவள் அந்த வழியை இழக்கிறாள்.

இது குடும்பப் பிரச்சினை, இதில் சாதி எங்கே வந்தது என்று தோழர்கள் சிலர் கேட்கிறார்கள். ஆதிக்கச் சாதிக்காரன் தலித் பெண்ணைக் காதலித்துக் கட்டிக்கொண்டு கைவிட்டால், நீதிமன்றத்தில் அவனுடைய முதல் வாதமே 'இவள் என் மனைவி இல்லை' என்பதுதான். பதிவு செய்யாத திருமணம் என்றால் அதை நிரூபிக்கவே வருடங்கள் போகும். அதையும் தாண்டி வந்த வாரண்டை எடுத்துக்கொண்டு, ஊர்த் தெருவுக்குள் போய் அவனைக் கூட்டிவர எந்தக் காவலருக்கு அவசரம்?

நம் தெருவையும் பேசித்தான் ஆக வேண்டும். அண்ணல் அம்பேத்கர் 1951-ல் சட்ட அமைச்சர் பதவியை உதறியதற்கு, பெண்களுக்கு உரிமை தரும் இந்து சட்டத் தொகுப்பு மசோதா முடக்கப்பட்டது ஒரு முக்கியக் காரணம். அவர் படத்தை வீட்டில் மாட்டிவிட்டு மனைவிக்கு ஜீவனாம்ச பாக்கி வைத்திருக்கும் ஆட்கள் நம்மிடமும் உண்டு. 'இயக்கத்துக்காரர், பேசி முடிச்சுக்கலாம்' என்று சமாதானம் சொல்லப் போகிறவர்களும் உண்டு. பாதித் தொகையோடு வழக்கை வாபஸ் வாங்க வைப்பதற்குப் பெயர் சமாதானமா?

ஜெயிலுக்குப் போய்வந்தால் கடன் தீர்ந்தது என்று மிரட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். அது பொய். சிறை என்பது கட்ட வைக்கும் வழி மட்டுமே, பாக்கி அப்படியே நிற்கும் என்று உச்ச நீதிமன்றம் 1988-லேயே சொல்லிவிட்டது. மனு போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் தர வேண்டும், உரிமையியல் தீர்ப்பாணைபோல சொத்தை ஜப்தி செய்தும் வசூலிக்கலாம் என்று 2020-ல் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் சொன்னது. சொல்லி என்ன, ஜப்தி செய்யச் சொத்து எங்கே இருக்கிறது என்று தேடித் தருவதும் பெரும்பாலும் அவள் தலையில்தான் விழுகிறது.

சட்டக் கல்லூரித் தம்பி தங்கைகளே, உங்கள் ஊரில் இப்படி ஒரு அக்கா இருப்பார். தீர்ப்பு நகலை வாங்கிப் பாருங்கள், கடைசியாக எந்த மாதம் பணம் வந்தது என்று கேளுங்கள். பன்னிரண்டு மாதம் முடியும் முன் அவரை மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குக் கூட்டிப் போங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதியினருக்கும் அங்கே வருமான வரம்பு இல்லாமல் இலவச வக்கீல் உண்டு. வாரண்ட் வந்ததும் தேதியைக் குறித்துக்கொண்டு இரண்டு பேராக ஸ்டேஷனுக்குப் போய் நில்லுங்கள்.