கூட்டத்தில் நிற்பதும் தொழில்தான்

துணை நடிகை என்றாலே, கதாநாயகியாகும் ஆசையோடு வந்து, ஆக முடியாமல் கூட்டத்தோடு ஒதுங்கிப் போனவர் என்றுதான் படம் பார்ப்பவர்களில் பெரும்பாலோர் நினைக்கிறார்கள். ஹாலிவுட்டின் ஸ்டுடியோ காலத்தைப் பற்றிய பேச்சில் இது ஏறத்தாழ வேதவாக்கு. சினிமாப் பத்திரிகைகள் இதை ஊதிப் பெருக்கின. ஸ்டுடியோக்களின் விளம்பரப் பிரிவுகளுக்கும் இது வசதியாக இருந்தது. நட்சத்திரம் ஒருத்தியைக் கண்டெடுத்தோம் என்று பெருமை பேச வேண்டுமானால், அகப்படாமல் போன ஆயிரம் பேர் பின்னால் நின்றால்தானே கதைக்குச் சுவை? படமாகவே எடுத்தும் காட்டினார்கள். ஜேம்ஸ் குரூஸ் இயக்கிய ‘ஹாலிவுட்’ (1923) படத்தில், நடிகையாகும் கனவோடு வரும் பெண்ணுக்கு வேடமே கிடைப்பதில்லை. துணைக்கு வந்த தாத்தாவுக்குக் கிடைத்துவிடுகிறது.

அந்தப் படத்தின் பிரதி இன்று இல்லை. ஆனால் அதில் தலைகாட்டிய டெக்சாஸ் பெண் ஒருவர் அதன்பின் நாற்பது ஆண்டுகள் கேமரா முன் நின்றார். பெஸ் ஃபிளவர்ஸ் என்பது அவர் பெயர். 1898இல் ஷெர்மன் என்ற ஊரில் பிறந்தவர். அவர் முகம் தெரியும் முழுநீளப் படங்கள் மட்டும் 350ஐத் தாண்டும். சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பெற்ற படங்களில் ஐந்தில் அவர் இருக்கிறார்: 1934இன் ‘இட் ஹேப்பண்ட் ஒன் நைட்’ முதல் 1956இன் ‘அரவுண்ட் தி வேர்ல்ட் இன் 80 டேஸ்’ வரை. ஹாலிவுட்டின் முன்னணி நட்சத்திரங்களில் பெரும்பாலோர் இத்தனை படங்களில் தலைகாட்டியதில்லை. இதற்குத் தோல்வி என்று பெயர் வைத்தால், வெற்றி என்ற சொல்லுக்கு வேறு அகராதிதான் தேட வேண்டும்.

அவர் செய்த வேலைக்கு ஹாலிவுட்டில் ‘டிரெஸ் எக்ஸ்ட்ரா’ என்று பெயர். (கோடம்பாக்கத்துக்கும் வந்து சேர்ந்தது அதே எக்ஸ்ட்ராதான்.) விருந்து, நாடக அரங்கு, கப்பல் தளம், இரவு விடுதி என்று பணக்காரர்கள் கூடும் காட்சிகளுக்கு உடுப்போடு வர வேண்டியவர்கள் இவர்கள். கவுன், ஃபர் மேலாடை, முழங்கை வரை ஏறும் கையுறை எல்லாம் சொந்தப் பீரோவிலிருந்து வர வேண்டும். பாரிஸில் பாணி மாறினால் பீரோவும் மாற வேண்டும், செலவு அவர்களுடையது. சாதாரணக் கூட்டத்துக்குக் கிடைப்பதைவிட இவர்களுக்குக் கூலி கூடுதல் என்பதற்குக் காரணம் இதுவே.

உடுப்பு மட்டும் போதாது. நாயகன் பேசும்போது பின்னால் நடனமாடுபவர்கள் பாட்டு இல்லாமலே தாளம் தப்பாமல் ஆட வேண்டும். வசனப் பதிவு நடப்பதால் காலடிச் சத்தம்கூடக் கேட்கக் கூடாது. மேசையில் இருப்பவர்கள் குரல் எழாமல் வாயசைத்துச் சிரிக்க வேண்டும். காலையில் எடுத்த ஷாட்டில் கோப்பை எந்தக் கையில், எந்த உயரத்தில் இருந்ததோ, மாலையில் எடுக்கும் ஷாட்டிலும் அங்கேயே இருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, பார்ப்பவர் கண்ணை நாயகியிடமிருந்து இழுத்துவிடக் கூடாது.

‘ஆல் அபவுட் ஈவ்’ (1950) படத்தில் விருது விழா முடிந்ததும், விருது பெற்ற ஈவைச் சூழ்ந்துகொள்கிறார்கள். உயரமான சீமாட்டி ஒருவர் முன்வந்து மகிழ்ச்சி தெரிவிக்கிறார். ஒரே வரி வசனம். அந்த வரியைச் சற்றுத் தூக்கிப் பேசியிருந்தாலும் காட்சி கெட்டிருக்கும். பெஸ் ஃபிளவர்ஸ் அதைச் சொல்லிவிட்டு விலகிவிடுகிறார். டைட்டிலில் அவர் பெயர் இல்லை. அதை வைத்து அவர் திறமையை எடைபோடுவதும் தவறு. அந்தக் கால டைட்டிலில் முக்கிய வேடக்காரர்களுக்கே இடம் இருந்தது.

இந்தத் தொழிலுக்குத் தனி ஏற்பாடுகளும் இருந்தன. தனியார் ஏஜெண்டுகள் கமிஷன் பிடித்துக்கொண்டு வேலை கொடுத்த வழக்கத்தை மாற்ற, தயாரிப்பாளர்கள் 1925இல் ‘சென்ட்ரல் காஸ்டிங்’ என்ற அலுவலகத்தைத் தொடங்கினார்கள். துணை நடிகர்கள் அங்கே தொலைபேசியில் கேட்பார்கள்; பெரும்பாலும் கிடைத்த பதில் ‘வேலை இல்லை’ என்பதே. 1937இல் நடிகர் சங்கம் போட்ட ஒப்பந்தத்தில் நடிகருக்குக் குறைந்தபட்ச நாள் கூலி 25 டாலர், எக்ஸ்ட்ராவுக்கு 5.50 டாலர். ஒரு வரி வசனத்தின் விலை என்னவென்று இதில் தெரியும். கனவோடு வந்து, சில நாள் வேலை மட்டும் பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர்கள் நிறைய உண்டு என்பதும் உண்மை. அவர்களைக் காட்டி முழுத் தொழிலையும் அளப்பதுதான் பிழை.

திறமை இருந்தால் மேலே வந்திருப்பார்களே என்ற வாதம் இதைவிட மோசமானது. தெரசா ஹாரிஸைப் பார்த்தால் போதும். ‘பேபி ஃபேஸ்’ (1933) படத்தில் பார்பரா ஸ்டான்விக்குக்கு இணையாக நின்று பேசிய கறுப்பினப் பெண் இவர். ‘அவுட் ஆஃப் தி பாஸ்ட்’ (1947) படத்தில், இரவு விடுதி மேசையில் ராபர்ட் மிட்சமோடு பேசும் ஒரு காட்சிதான் அவருக்கு. அதைப் பார்த்தவர் அவர் முகத்தை மறப்பது கடினம். ஆனாலும் அவர் வாழ்நாளில் அதிகம் ஏற்றது பணிப்பெண் வேடங்களே. வெள்ளையர் கறுப்பினத்தவர் காதலைத் திரையில் காட்டத் தணிக்கை விதி தடை போட்டிருந்தது. தெரசா ஹாரிஸிடம் குறை தேடுபவர்கள் அந்த விதியை வாசித்ததில்லை.

நட்சத்திரப் பதவியாவது நிலையானதா? உலகின் முதல் திரை நட்சத்திரங்களில் ஒருவராகச் சொல்லப்படும் ஃபிளாரன்ஸ் லாரன்ஸ், 1930களில் எம்ஜிஎம் படங்களில் பெயர் போடாத சிறு வேடங்களுக்கு வந்து சேர்ந்தார்.

நாளைக்கே நாயகியாகிவிடுவோம் என்று காத்திருப்பவர் தன் இன்றைய வேலைக்குச் சங்கம் கட்ட மாட்டார். துணை நடிகர்கள் 1945இல் தங்களுக்கென்று ‘ஸ்கிரீன் எக்ஸ்ட்ராஸ் கில்ட்’ அமைத்தார்கள். தொடங்கியவர்களில் பெஸ் ஃபிளவர்ஸும் ஒருவர். 1964 வரை நடித்த அவர், 1984இல் வுட்லேண்ட் ஹில்ஸில் 85ஆம் வயதில் காலமானார். கில்ட் அதன்பிறகும் சில ஆண்டுகள் தனிச் சங்கமாகவே இயங்கியது.