பாட்டியைக் கேட்காத தலைமுறை

பெங்களூரின் அல்சூரிலும் மர்பி டவுனிலும் பிரேசர் டவுனிலும் வளர்ந்த தமிழர்கள் நாம். இரண்டாம் உலகப் போரைக் கண்ணால் கண்டவர்கள் நம் வீடுகளிலேயே இருந்தார்கள். அவர்களை உட்காரவைத்து நாம் கேட்கவில்லை.

1940 டிசம்பரில் வால்சந்த் ஹிராசந்த் மைசூர் அரசின் துணையோடு விமான ஆலை தொடங்கியதும், 1943இல் அது அமெரிக்கப் படையின் பழுதுபார்க்கும் கூடமானதும் புத்தகங்களில் இருக்கின்றன. ஜாலஹள்ளிப் பக்கம் இத்தாலியக் கைதிகளை வைத்திருந்ததும் இருக்கிறது. 1942 மார்ச்சில் ரங்கூன் விழுந்தது, பர்மா அரிசி நின்றது. சரி, அதன் பிறகு கண்டோன்மென்ட் அடுப்புகளில் என்ன வெந்தது? அந்த ஏப்ரலில் குண்டுக்குப் பயந்து மெட்ராஸே காலியானபோது, இங்கே வந்து சேர்ந்த சொந்தக்காரர்களை எங்கே படுக்கவைத்தார்கள்? மெட்ராஸ் சாப்பர்ஸ் படைப்பிரிவில் மகனைச் சேர்த்துவிட்ட, எழுதப் படிக்கத் தெரியாத தாய், அவன் கடிதத்தை யாரிடம் நீட்டினாள்? இவற்றுக்குப் பதில் தெரிந்தவர்கள் பக்கத்து அறையில்தான் படுத்திருந்தார்கள்.

சிப்பாய்களின் போருக்கு அல்சூரில் அருங்காட்சியகம் உண்டு. ரேஷன் வரிசையில் நின்றவளுக்கு ஒரு பக்கம்கூட இல்லை. "எனக்கென்னடா தெரியும், தாத்தாவைக் கேளு" என்று பாட்டி சொன்னதும் எழுந்து போய்விட்டோம். அவளுக்குத் தெரிந்ததெல்லாம் வீட்டுக்கதை, வரலாறு வேறெங்கோ ஆண்கள் செய்வது என்று நாமும் நம்பினோம். உருதும் கன்னடமும் கலந்த அவள் தமிழைக் கேட்டு ஊர்ப்பக்கத்து உறவினர் சிரித்தபோது, நாமும் கூச்சப்பட்டோம். பிள்ளைகளை ஆங்கிலத்திலேயே வளர்த்தோம். கடைசியில் பேரனுக்கும் பாட்டிக்கும் நடுவே "சாப்டியா" என்ற ஒரு சொல்தான் மிஞ்சியது.

அல்சூரில் வள்ளுவர் சிலை திறக்கப்படுவதற்காக 18 ஆண்டுகள் காத்திருந்தோம். 2009 ஆகஸ்ட் 9 அன்று திரை விலகியபோது நெஞ்சு நிறைந்தது. அது நம் மானம், அதில் பிழையில்லை. ஆனால் அதே 18 ஆண்டுகளில்தான் போர்க்கால இளைஞர்கள் ஒவ்வொருவராகக் கல்பள்ளி மயானத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள். சிலைக்காகக் கூடிய கூட்டங்களில் முன்வரிசை நாற்காலியைப் பெரியவர்களுக்குக் கொடுத்தோம், மைக்கைக் கொடுக்கவில்லை. அதே காலத்தில், 2003 முதல் 2006 வரை, பிபிசி தன் நாட்டுச் சாதாரண மக்களிடம் கேட்டு ஏறத்தாழ 47,000 போர்க்கால நினைவுகளைச் சேர்த்துவைத்தது. நம்மிடம் பணம் இல்லை என்று சொல்லலாம். கேசட் ரிக்கார்டர் நம் வீடுகளிலும் இருந்தது. அதில் சினிமாப் பாட்டுப் பதிந்தோம்.

1942இல் பத்து வயதாக இருந்தவர் இன்று தொண்ணூறைத் தாண்டியிருப்பார். எஞ்சியிருப்போர் மிகச் சிலர். அவர்களுக்கு அடுத்து இன்னொரு கூட்டமும் இருக்கிறது: 1971 போரில் பறந்த நாட் விமானங்களை இங்கே அதே விமான ஆலையான எச்ஏஎல்லில் கட்டிய தொழிலாளர்களின் மனைவிமார். அவர்களில் பலருக்கு எண்பது ஆகிவிட்டது. அந்த டிசம்பரில் வீட்டை எப்படி நடத்தினார்கள் என்று இன்னும் நாம் அவர்களிடமும் கேட்கவில்லை.